மூன்று படங்கள், ஒரு மேசை

1979ஆம் ஆண்டு மேற்கு ஜெர்மனியிலிருந்து வெளிவந்த மூன்று திரைப்படங்களைப் பற்றிச் சொல்லித் தொடங்குகிறேன். மூன்றையும் பார்த்த நண்பர்கள் இந்தப் பக்கத்தின் வாசகர்களிடையே இருக்கக்கூடும்.

முதலாவது, வெர்னர் ஹெர்சாக்கின் ‘நோஸ்ஃபெராட்டு’. மெக்ஸிகோவின் குவானஹுவாட்டோ நகரத்து மம்மிகளின் திறந்த வாய்களில் தொடங்கி, வௌவாலின் மெதுவாக்கப்பட்ட சிறகசைப்பில் தங்கி, சாவதானமாக நகரும் படம். இரண்டாவது, அதே ஹெர்சாக்கின் ‘வொய்செக்’. நீண்ட, அசையாத ஷாட்டுகள் சிலவற்றால் ஆனது. வெட்டு எப்போது வரும் என்று நாம் காத்திருக்கப் பழகிவிடுகிறோம், அது வருவதில்லை. மூன்றாவது, அலெக்சாண்டர் க்ளூகேயின் ‘தேசபக்தை’. காபி டைஷர்ட் என்னும் வரலாற்று ஆசிரியை ஜெர்மனியின் வரலாற்றைத் தேடி மண்வெட்டியோடு நிலத்தைத் தோண்டுகிறாள். ஸ்டாலின்கிராடில் இறந்துபோன ஒரு படைவீரனின் முழங்கால் கதை சொல்கிறது. போர்க்காலப் படச்சுருள், தேவதைக் கதைச் சித்திரம், ஓவியம், எழுத்துப்பலகை, உண்மையான கட்சி மாநாட்டில் உண்மையான பிரதிநிதிகளை மறித்துக் கேள்வி கேட்கும் கற்பனைப் பாத்திரம் என்று ஒன்றின்மேல் ஒன்று வந்து விழுகின்றன. கண் ஓர் இடத்தில் தங்க முடியாது.

இந்த மூன்று படங்களையும் அடுத்தடுத்துப் பார்ப்பவருக்கு, இவை ஒரே நாட்டில் ஒரே ஆண்டில் வந்தவை என்பதே வியப்பாக இருக்கும். எனக்கு அதைவிடப் பெரிய வியப்பு பெயர்ப் பட்டியலில் கிடைத்தது. மூன்றின் படத்தொகுப்பாளரும் ஒருவரே: பெயாட்டே மைன்கா-யெல்லிங்ஹவுஸ்.

இதை நான் கண்டுபிடித்தது மிகத் தாமதமாக என்பதை ஒப்புக்கொண்டாக வேண்டும். ஹெர்சாக்கைப் பற்றி ஒரு சிற்றிதழில் முன்பு எட்டுப் பக்கத்துக்கு ஒரு கட்டுரை எழுதினேன். ‘அகிர்ரே’யின் தாளம், ‘காஸ்பர் ஹௌச’ரின் மௌன இடைவெளி, ‘ஃபாட்டா மோர்கானா’வின் திரும்பத் திரும்ப வரும் காட்சிகள் என்று நான் அதில் சிலாகித்தவற்றுள் பாதிக்கு மேல் தொகுப்பு சார்ந்தவை. கட்டுரையில் அந்தப் பெயர் ஓரிடத்திலும் இல்லை. அண்மையில் அதை மீண்டும் வாசித்தபோது கூச்சமாக இருந்தது. அந்தக் கூச்சத்தின் விளைவு இக்கட்டுரை என்றும் கொள்ளலாம்.

இந்த விடுபடல் என் சோம்பலால் மட்டும் நேர்ந்ததன்று. அதற்கு ஒரு வரலாறு உண்டு. போருக்குப் பிந்தைய ஜெர்மன் சினிமாவின் கதையை நாம் படித்த விதம் ஏறத்தாழ இப்படி: 1946இல் ஸ்டவுட்டேயின் ‘கொலைகாரர்கள் நம்மிடையே இருக்கிறார்கள்’ வந்தது, இடிபாடுகளுக்கு நடுவே எடுக்கப்பட்ட சில படங்கள் அதைத் தொடர்ந்தன, பின் ஐம்பதுகளில் மலையும் புல்வெளியும் காதலுமாக, நடந்ததை மறக்க விரும்பிய மக்களுக்கான படங்கள் பெருகின. 1962 பிப்ரவரி 28ஆம் நாள் ஓபர்ஹௌசன் குறும்பட விழாவில் 26 இளைஞர்கள் ஓர் அறிக்கையில் கையெழுத்திட்டுப் பழைய சினிமா இறந்துவிட்டது என்று அறிவித்தார்கள். அவர்களில் க்ளூகே ஒருவர், எட்கார் ரைட்ஸ் ஒருவர். அங்கிருந்து ஆசிரியர் சினிமா பிறந்தது. எழுத்தாளன் தன் நூலுக்குப் பொறுப்பாவதுபோல இயக்குநர் தன் படத்துக்குப் பொறுப்பாவார். தயாரிப்பாளரின் ஆட்சிக்கும் நட்சத்திரத்தின் ஆட்சிக்கும் எதிராக எழுந்த நியாயமான குரல் அது. அதை நான் குறைத்துச் சொல்லவில்லை. அக்குரல் இல்லையென்றால் மேற்சொன்ன மூன்று படங்களும் இல்லை.

ஆனால் அந்த 26 பேரும் ஆண்கள். அதே காலத்தில் ஜெர்மன் தொகுப்பறைகளை நிரப்பியிருந்தவர்களில் பெரும்பாலோர் பெண்கள். அந்தத் தொழிலுக்கு அங்கே வழங்கிய பெயரே பெண்பாலில்தான் அதிகம் புழங்கியது: ‘கட்டரின்’, வெட்டுபவள். தையலைப் போலப் பொறுமையும் நுண்மையும் வேண்டும், அதனால் பெண்களுக்கு ஏற்றது என்று சொல்லப்பட்ட வேலை. ‘ஆசிரியர்’ என்ற சொல் இயக்குநரின் தலையில் ஏறியபோது, அந்த மேசைக்குப் பின்னால் இருந்தவர் மேலும் ஒருபடி இருட்டுக்குள் தள்ளப்பட்டார். முன்பாவது அவர் ஓர் ஆலையின் தொழில்நுட்பர். இப்போது இன்னொருவரின் ஆன்மாவுக்கு உதவியாளர்.

ஃபாஸ்பிண்டர் தம் படங்கள் சிலவற்றைத் தொகுத்ததாகப் போட்டுக்கொண்ட ‘ஃபிரான்ஸ் வால்ஷ்’ என்ற புனைபெயர் எத்தனை பேருக்குத் தெரிந்திருக்கிறது! அவருடைய ‘நான்கு பருவங்களின் வணிகன்’, ‘அச்சம் ஆன்மாவைத் தின்கிறது’ ஆகிய படங்களைத் தொகுத்த தேயா ஐமேஸின் பெயர் எத்தனை பேருக்குத் தெரியும்? இந்த வரிசையில் ஆண்களும் உண்டு. விம் வெண்டர்ஸின் முதல் முழுநீளப் படத்திலிருந்து ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் அவருடன் பணியாற்றிய பீட்டர் பிரிகோடா அப்படிப்பட்டவர். அவரையும் நாம் அதிகம் பேசியதில்லை. ஆக இது முழுக்க ஆண் பெண் சிக்கல் என்று முடித்துவிடவும் இயலாது.

இனி மைன்காவுக்கு வருகிறேன். 1936இல் பிறந்தவர். 1966இல் வெளியான க்ளூகேயின் முதல் முழுநீளப் படமான ‘நேற்றிடமிருந்து விடைபெறல்’ அவர் தொகுத்தது. லைப்சிக்கிலிருந்து மேற்கே வந்த யூதப் பெண் அனிதா ஜி., கம்பளிச் சட்டை ஒன்றைத் திருடிய குற்றத்துக்காக நீதிபதியின் முன் நிற்கும் காட்சியை நினைவுகூர்பவர்கள் அதன் வெட்டுகளையும் நினைவுகூர்வார்கள். அவளது குடும்பம் பட்ட துன்பம் வழக்குக்குத் தொடர்பற்றது என்று நீதிபதி நகர்ந்துவிடுகிறார்; படமோ நகர மறுக்கிறது. நிழற்படங்கள், எழுத்துப்பலகைகள், அறுந்த துணுக்குகள் என்று நீதிமன்றம் ஒதுக்கியதையெல்லாம் அது உள்ளே கொண்டுவருகிறது. அந்த ஆண்டு வெனிஸ் விழாவில் படம் வெள்ளிச் சிங்கம் பெற்றது. இரண்டு ஆண்டுகள் கழித்து, 1968இல், க்ளூகேயின் சர்க்கஸ் படம் வெனிஸில் தங்கச் சிங்கம் வென்றது. அதே 1968இல் ஹெர்சாக்கின் முதல் முழுநீளப் படமான ‘உயிரின் அடையாளங்கள்’ பெர்லினில் வெள்ளிக் கரடி வென்றது. இரண்டும் மைன்காவின் மேசையிலிருந்து சென்றவை. அதன்பின் 1984இல் வந்த ‘பச்சை எறும்புகள் கனவு காணும் இடம்’ வரை ஹெர்சாக்கின் முக்கியமான படங்கள் எல்லாவற்றிலும் அவர் பெயர் இருக்கிறது. ‘காஸ்பர் ஹௌச’ருக்காக 1975இல் ஜெர்மன் திரைப்பட விருது தொகுப்புக்கென்றே அவருக்குக் கிடைத்தது.

ஹெர்சாக் அவரைப் பற்றி நேர்காணல்களில் சொல்லும் கதை ஒன்று உண்டு. ‘உயிரின் அடையாளங்கள்’ படத்தின் முதல் சுருளை மைன்காவிடம் கொடுக்கிறார். 600 மீட்டர் நீளம். அதாவது சாதாரண வேகத்தில் ஓட்டினால் ஏறத்தாழ 22 நிமிடம். தவறுதலாக அது கடைசியிலிருந்து முதலுக்குச் சுற்றப்பட்டிருக்கிறது. மைன்கா அதைச் சரிசெய்யவில்லை. மேசையில் ஏற்றி, தலைகீழாகவே, ஐந்து மடங்கு வேகத்தில் ஓட்டிப் பார்க்கிறார். பார்த்து முடித்ததும் சுருளை அப்படியே எடுத்துக் குப்பைத் தொட்டியில் போடுகிறார். இது மோசம், இதைத் தொடமாட்டேன் என்கிறார். ஹெர்சாக் அதிர்ந்துபோகிறார். சில வாரங்கள் கழித்து, மற்றச் சுருள்களோடு சேர்த்துப் பார்த்தபோது அவர் சொன்னது சரி என்று ஹெர்சாக்குக்குப் புரிகிறது.

இன்னொன்றும் ஹெர்சாக் சொல்கிறார். தம் படங்கள் எல்லாம் மோசமானவை என்றே மைன்கா கருதினார். அதனால் முதற்காட்சிகளுக்கு வர மறுத்தார். ஒரே விதிவிலக்கு ‘குள்ளர்களும் சிறிதாகத்தான் தொடங்கினார்கள்’. அது அவருக்குப் பிடித்திருந்தது. அதற்கு மட்டும் வந்தார்.

ரசமான கதைகள். நானும் வகுப்பில் சொல்லிச் சிரிக்க வைத்திருக்கிறேன். ஆனால் இவற்றைச் சற்றுத் தள்ளி நின்று பார்த்தால் ஒன்று உறுத்துகிறது. மைன்காவைப் பற்றி நமக்குத் தெரிந்தவற்றில் பெரும்பகுதி ஹெர்சாக் சொல்லித் தெரிந்தது. அவர் கதைசொல்லி, கப்பலை மலைமேல் ஏற்றியவர், தம்மைச் சுற்றி இருக்கிறவர்களையெல்லாம் தம் காவியத்தின் பாத்திரங்களாக்கிவிடும் ஆற்றல் உள்ளவர். கின்ஸ்கி அதில் வெறியன். மைன்கா அதில் கடுகடுப்பான பெண்மணி. புகழ்ந்துதான் சொல்கிறார், சந்தேகமில்லை. தாம் அறிந்தவர்களில் படச்சுருளைப் பார்த்த மாத்திரத்தில் அதன் தரத்தை அறியும் திறன் அவருக்கு இருந்தது என்ற கருத்துப்படப் பேசுகிறார். இருந்தாலும், கதை முடியும்போது நம் மனதில் நிற்பது யார்? இப்படிப்பட்ட ஒருவரையும் சகித்து, அவர் சொல்லையும் ஏற்றுக்கொண்ட பெருந்தன்மையான இயக்குநர்தான். மேசைக்கு இந்தப் பக்கம் இருந்தவர் அந்த 600 மீட்டரில் எதைக் கண்டார், எதனால் வேண்டாம் என்றார் என்பதை நாம் கேட்பதில்லை.

கேட்டுப் பார்ப்போம். அவர் வேலை செய்த கருவியை முதலில் மனத்தில் கொள்ள வேண்டும். ஹாம்பர்க்கைச் சேர்ந்த ஸ்டீன்பெக் நிறுவனத்தின் கிடைமட்ட மேசை, ஐம்பதுகளிலிருந்து ஐரோப்பியத் தொகுப்பறைகளில் பரவியது. பெரிய சாப்பாட்டு மேசையளவு பலகை. அதன்மேல் சுழலும் தட்டுகள். படச்சுருள் ஒரு தட்டிலிருந்து கிளம்பிச் சிறு திரை வழியாக இன்னொரு தட்டுக்குப் போகும். ஒலிநாடா அதற்கு இணையாக வேறு இரு தட்டுகளில். நெம்புகோலைத் தள்ளினால் முன்னும் பின்னும், மெதுவாகவும் விரைவாகவும் ஓட்டலாம். எங்கே வெட்ட வேண்டுமோ அங்கே மெழுகுப் பென்சிலால் குறியிட்டு, வெட்டி, ஒட்டுநாடாவால் இணைக்க வேண்டும். இன்றுபோல விசையொன்றைத் தட்டி முடிவை மாற்றிக்கொள்ள இயலாது. தவறாக வெட்டினால் ஒட்டுத் தழும்போடு திரும்ப ஒட்ட வேண்டும். ஆகவே வெட்டுவதற்கு முன்னரே மனத்துக்குள் வெட்டிப் பார்த்தவர்களுக்கே அந்த மேசை வசப்பட்டது.

அப்படியிருக்க, தலைகீழாக ஐந்து மடங்கு வேகத்தில் நான்கரை நிமிடத்தில் ஓடிய சுருளில் என்ன தெரியும்? கதை தெரியாது. நடிப்பு தெரியாது. வசனம் கேட்காது. எஞ்சுவது ஒளியும் நிழலும், அசைவின் திசையும், சட்டகத்துக்குள் பொருள்கள் நிற்கும் கனமும் மட்டும். அதாவது, இயக்குநரை மயக்கக்கூடிய அனைத்தும் வடிகட்டப்பட்டுவிடுகின்றன. அந்த ஷாட்டை எடுக்க எத்தனை நாள் வெயிலில் நின்றோம், எந்த நடிகர் எப்படி முரண்டு பிடித்தார் என்னும் நினைவுகள் தொகுப்பாளருக்கு இல்லை. அவருக்கு முன்னால் இருப்பது படம் மட்டுமே. கவிதையைத் திருத்தித் தரும் நண்பருக்கு அதை எழுதிய இரவின் துயரம் தெரியாமலிருப்பதுபோல. தெரியாமலிருப்பதுதான் அவருடைய தகுதி.

எதிர்த்தரப்பையும் சொல்லிவிடுகிறேன், இதை நான் பேச்சில் சொன்னபோது ஒரு நண்பர் உடனே கேட்டதும் இதுதான். “ஒரே கை இரண்டு எதிரெதிர் நடைகளைத் தொகுத்திருக்கிறது என்றால், நடை அந்தக் கையில் இல்லை என்றுதானே பொருள்? ஹெர்சாக்கிடம் போனால் ஹெர்சாக் படம், க்ளூகேயிடம் போனால் க்ளூகே படம். நீங்கள் உங்களையே மறுத்துக்கொள்கிறீர்கள்.”

வலுவான கேள்வி. இரண்டு வாரம் அதை வைத்துக்கொண்டு படங்களைத் திரும்பப் பார்த்தேன். எனக்குத் தோன்றுவது இது. வழக்கமான சினிமாவில் ஒரு ஷாட் தான் சொல்ல வந்த செய்தியைச் சொல்லி முடித்த கணத்தில் வெட்டப்படும். கதவு திறந்தது, ஆள் உள்ளே வந்தார், வெட்டு. பார்வையாளர் வெட்டை உணரக்கூடாது என்பதே இலக்கணம். மைன்கா தொகுத்த ஹெர்சாக் படங்களில் ஷாட் தன் செய்தியைச் சொல்லி முடித்த பிறகும் நிற்கிறது. க்ளூகே படங்களில் செய்தி முடிவதற்கு முன்பே போய்விடுகிறது. இரண்டிலும் வழக்கமான அந்தக் கணம் தவிர்க்கப்படுகிறது. ஒன்றில் அதைத் தாண்டியும் மற்றொன்றில் அதற்கு முன்னாலும் வெட்டு விழுகிறது. அந்தக் கணம் எங்கே இருக்கிறது என்று மிகத் துல்லியமாக அறிந்தவராலேயே இரண்டையும் செய்ய முடியும். மரபிலக்கணம் அறியாதவர் எழுதும் புதுக்கவிதைக்கும் அறிந்தவர் மீறி எழுதும் புதுக்கவிதைக்கும் உள்ள வேறுபாட்டை இங்கே நினைத்துக்கொள்ளலாம்.

1971இல் வந்த ‘மௌனமும் இருளும் சூழ்ந்த நிலம்’ ஆவணப்படத்தின் இறுதிப் பகுதியைப் பாருங்கள். பார்வையும் செவியும் இழந்த ஃபினி ஷ்ட்ராபிங்கர் தம்மைப் போன்ற பிறரைத் தேடிச் செல்லும் படம். கடைசியில், அப்படிப்பட்ட மனிதர் ஒருவர் பேச்சிலிருந்து விலகி நடக்கிறார். தாழ்ந்த கிளைகளில் மோதுகிறார். கையால் தடவி, மரத்தை அறிகிறார். செய்தி ஐந்து விநாடியில் முடிந்துவிட்டது: பார்வையற்றவர் மரத்தைத் தொடுகிறார். படம் அங்கிருந்து போகவில்லை. போகாததால், தொடுதல் என்பது அறிதலாக மாறுவதை நாம் பார்க்க நேர்கிறது. அவ்வளவு நேரம் விட்டுவைக்கும் துணிவு படப்பிடிப்பில் இருந்திருக்கலாம். அந்த நீளத்தை அப்படியே படத்தின் முடிவாக நிறுத்திவைக்கும் முடிவு மேசையில் எடுக்கப்பட்டது.

‘ஃபாட்டா மோர்கானா’வின் தொடக்கம் இன்னும் வெளிப்படையானது. விமானம் ஒன்று தரையிறங்குகிறது. அடுத்தும் ஒரு விமானம். அடுத்தும். எட்டு முறை. வெயில் ஏற ஏறக் காற்று நடுங்கி, விமானங்களின் உருவம் கரைந்துகொண்டே போகிறது. ஆறாவது ஏழாவது விமானம் வரை பொறுத்திருப்பவர் கடைசிவரை இருப்பார் என்று ஹெர்சாக் ஓரிடத்தில் வேடிக்கையாகச் சொல்கிறார். அந்தச் சகாராக் காட்சிகளைக் கண்டபோது, இத்தகைய பொருளை வைத்துக்கொண்டு சினிமாவையே நாம் புதிதாகக் கண்டுபிடிப்பதாகப் பாவிக்க வேண்டியிருக்கும் என்று மைன்கா சொன்னதாகவும் அவர் நினைவுகூர்கிறார். அதையும் ஹெர்சாக் வாயிலாகத்தான் அறிகிறோம் என்றாலும், குப்பைத்தொட்டிக் கதையைவிட இதையே நான் பெரிதாக மதிக்கிறேன். இதில் ஒரு தொழிலாளியின் எரிச்சல் இல்லை. முன்னே கிடப்பது என்னவென்று புரிந்துகொண்ட ஒருவரின் சொல் இருக்கிறது.

க்ளூகே பக்கம் சிக்கல் இன்னும் சுவையானது. க்ளூகே கோட்பாட்டாளர். இரண்டு படிமங்கள் மோதும்போது அவற்றுக்கிடையே, இரண்டிலும் இல்லாத மூன்றாவது ஒன்று பார்வையாளரின் மனத்தில் பிறக்கிறது. அந்த மூன்றாவதே சினிமா என்பது அவர் வாழ்நாளெல்லாம் வலியுறுத்திய கருத்து. இயக்குநரின் அதிகாரத்தைப் பார்வையாளரிடம் ஒப்படைக்கும் அழகிய கருத்து. ஆனால் அதை ஏற்றுக்கொண்டால் அதன் விளைவையும் ஏற்றாக வேண்டும். பொருள் பிறப்பது இரண்டு துண்டுகளின் நடுவில் என்றால், அந்த நடுவில் கையை வைத்திருந்தவர் யார்? க்ளூகேயும் தொகுப்பறையில் அமர்ந்திருப்பார்தான். அவர் தனியாக இல்லை என்பதே என் வாதம். அவரது கோட்பாட்டைப் பற்றி எழுதப்படும் பக்கங்களில் அந்த இரண்டாவது நாற்காலி காலியாகவே இருக்கிறது.

இங்கே தமிழ் படிப்பிக்கிறவனின் குறுக்கீடு ஒன்று. ஜெர்மன் மொழி இந்த வேலைக்கு இட்ட பெயர் ‘ஷ்னிட்’, வெட்டு. நாமோ ‘படத்தொகுப்பு’ என்கிறோம். வெட்டுவதை அவர்கள் பார்த்தார்கள், சேர்ப்பதை நாம் பார்த்தோம். தொகுப்பு நமக்குப் பழைய சொல். ஐங்குறுநூற்றைத் தொகுத்தவர் புலத்துறை முற்றிய கூடலூர் கிழார், தொகுப்பித்தவர் யானைக்கட்சேய் மாந்தரஞ்சேரல் இரும்பொறை என்று பெயரோடு பதிவுசெய்து வைத்த மரபு நம்முடையது. பாடிய புலவர், தொகுத்த அறிஞர், தொகுப்பித்த அரசன் என மூன்று பேருக்கும் தனித்தனி இடம் அதில் உண்டு. தொகுத்தவரைச் சொன்னதால் கபிலரின் பெருமை குறைந்ததாக யாரும் கருதியதில்லை. சினிமாவைப் பற்றி எழுதும்போது மட்டும் நாம் இந்த வழக்கத்தை மறந்துவிடுகிறோம்.

திரும்பவும் ‘வொய்செக்’. இலக்கிய வாசகர்களுக்கு இப்படத்தில் தனி ஈர்ப்பு இருக்க வேண்டும். கியோர்க் புஷ்னர் 1837இல், 23 வயதில் இறந்தபோது இந்த நாடகத்தை முடிக்கவில்லை. கையெழுத்துப் பிரதிகளாகச் சில வரைவுகள் கிடந்தன. காட்சிகளுக்கு உறுதியான வரிசை இல்லை. மை மங்கிய அந்தத் தாள்களை வேதிப்பொருள் தடவிப் படித்து, 1879இல் புஷ்னரின் தொகைநூலில் வெளியிட்டவர் கார்ல் எமில் ஃபிரான்ஸோஸ். எழுத்தைத் தவறாகப் படித்ததால் பெயரையே ‘வொஸ்ஸெக்’ ஆக்கிவிட்டார். ஆல்பன் பெர்க்கின் இசைநாடகம் இன்றும் அந்தப் பிழையோடுதான் அரங்கேறுகிறது. அவருக்குப் பின் வந்த பதிப்பாசிரியர்கள் ஒவ்வொருவரும் காட்சிகளை வேறு வேறாக வரிசைப்படுத்தினர். ஆக, உலக நாடக வரலாற்றில் ‘வொய்செக்’ என்று நாம் வணங்கும் பிரதி, ஆசிரியர் தொடங்கித் தொகுப்பாளர்கள் முடித்தது. சரியாக நூறாண்டு கழித்து அது இன்னொரு தொகுப்பாளரின் மேசைக்கு வந்தது.

ஹெர்சாக் சொல்லும் கணக்குப்படி ‘நோஸ்ஃபெராட்டு’ முடிந்த ஐந்தே நாளில், அதே குழுவோடு, களைப்பு தீராத கின்ஸ்கியோடு, செக் நாட்டின் டெல்ச் நகரில் ‘வொய்செக்’ படப்பிடிப்பு தொடங்கியது. 18 நாளில் முடிந்தது. தொகுப்புக்கு ஆனவை நான்கு நாள்கள். இதைக் கேட்டவுடன், வெட்டுகளே இல்லாத படத்தில் தொகுப்பாளருக்கு என்ன வேலை என்று தோன்றும். எனக்கும் தோன்றியது. ஆனால் தொடக்கத்தைக் கவனியுங்கள். வேகமாக்கப்பட்ட அசைவில் கின்ஸ்கி விழுந்து எழுந்து பயிற்சி செய்கிறார். பொம்மைபோல, சற்றே சிரிப்பூட்டும் விதமாக. பின்பு படம் உறைந்து, நீண்ட நிலைக் காட்சிகளுக்குள் நுழைகிறது. கொலைக் காட்சி வரும்போது காலம் மறுபடி மாறுகிறது. இம்முறை மெதுவாகி, இசையோடு, கின்ஸ்கியின் முகம் கோணிக்கொண்டே போகிறது. மூன்று வேகங்கள். அவற்றுக்கிடையே வெட்டுக்கு ஏங்கும் அந்த நீண்ட பொறுமை. ஒரு வெட்டு கூடுதலாக விழுந்திருந்தால்கூட அந்த ஏக்கம் தளர்ந்திருக்கும். நான்கு நாளில் முடிந்தது என்பதை நான் இப்போது வேறுவிதமாக எண்ணுகிறேன்: எதையெல்லாம் செய்யாமல் விட வேண்டும் என்று ஐந்தாம் நாள் தேவைப்படாமல் முடிவெடுக்கத் தெரிந்த ஒருவர் அங்கே இருந்திருக்கிறார். அதே ஆண்டு வந்த ‘தேசபக்தை’யில் நூற்றுக்கணக்கான துணுக்குகளை மோதவிட்டவரும் அவர்தான் என்பதை இதற்கருகில் வைத்துப் பார்க்க வேண்டும்.

அப்படியானால் மைன்காதான் இப்படங்களின் உண்மையான ஆசிரியர் என்று சொல்ல வருகிறேனா? இல்லை. அது பழைய தவற்றை இடம் மாற்றிச் செய்வது. ஒரு அரியணையைக் கவிழ்த்து இன்னொன்றை ஏற்றுவதில் எனக்கு ஆர்வமில்லை. அமேசான் காட்டுக்கு அவர் போகவில்லை. அகிர்ரேயின் தெப்பத்தில் குரங்குகளை ஏற்றியவர் அவரல்லர். க்ளூகேயின் கேள்விகள் க்ளூகேயுடையவை. ‘ஆசிரியர்’ என்ற சொல்லை ஒருமையில் வைத்துக்கொண்டு சினிமாவைப் பேசுவதில் உள்ள பொருத்தமின்மையைத்தான் அவரது பணிவாழ்வு காட்டுகிறது.

இந்தப் பணிவாழ்வில் ஓர் இடத்தில் மட்டும் அவர் பெயர் மேசையைவிட்டு வெளியே வந்திருக்கிறது. 1977 செப்டம்பர், அக்டோபர் மாதங்களில் மேற்கு ஜெர்மனியை உலுக்கிய நிகழ்வுகளை அறிவீர்கள்: தொழிலதிபர் ஷ்லையர் கடத்தப்பட்டதும் கொல்லப்பட்டதும், ஷ்டாம்ஹைம் சிறையில் பாடர், என்ஸ்லின், ராஸ்பே ஆகியோர் இறந்து கிடந்ததும். அவற்றுக்கு எதிர்வினையாக க்ளூகே, ஃபாஸ்பிண்டர், ஷ்லோண்டார்ஃப், ரைட்ஸ் முதலியோர் சேர்ந்து எடுத்த கூட்டுப்படம் 1978இல் வந்த ‘இலையுதிர்காலத்தில் ஜெர்மனி’. அரசு மரியாதையோடு நடந்த ஷ்லையரின் இறுதிச் சடங்கில் தொடங்கி, காவலர்கள் சூழ நடந்த அந்த மூவரின் அடக்கத்தில் முடிகிறது. இரண்டும் ஷ்டுட்கார்ட் நகரில் சில நாள் இடைவெளியில் நடந்தவை. அந்த இரண்டையும் இரு முனைகளிலும் நிறுத்தி, நடுவே பத்துப் பதினைந்து குரல்களை ஒலிக்கவிட்ட கட்டமைப்பே படத்தின் அரசியல். யார் எந்தப் பகுதியை எடுத்தார்கள் என்று படம் பெயரிட்டுப் பிரிப்பதில்லை. அதன் இயக்குநர் வரிசையில் மைன்கா-யெல்லிங்ஹவுஸின் பெயரும் இருக்கிறது. ஒருவர் மட்டுமே ஆசிரியர் என்ற கருத்தைத் தற்காலிகமாகவேனும் கைவிட்ட படத்தில்தான் அது நேர்ந்தது என்பதை நான் தற்செயலாகக் கருதவில்லை. தொகுப்பறையிலிருந்து இயக்கத்துக்குப் போன வேறு சிலரும் அக்காலத்தில் உண்டு. ஃபொண்டானேயின் ‘கிரேட்டே மிண்டே’யை 1977இல் படமாக்கிய ஹைடி ஜெனே, இதே கூட்டுப்படத்தின் தொகுப்பாளர்களில் ஒருவர். மைன்கா அந்த வழியில் போகவில்லை. மேசைக்கே திரும்பினார்.

படத்தில் பயன்படாமல் போன சுருள்களைத் தாம் சேமித்து வைப்பதில்லை என்று ஹெர்சாக் பலமுறை சொல்லியிருக்கிறார். எனவே மைன்கா வேண்டாம் என்று ஒதுக்கியவற்றை நாம் ஒருநாளும் பார்க்கப்போவதில்லை. அவர் வைத்துக்கொண்டவை மட்டுமே நம் முன் இருக்கின்றன. அவற்றைக் கொண்டுதான் அவரை ஊகிக்க வேண்டும்.

இந்தப் பருவத்தில் என் மாணவர்களுக்கு ‘வொய்செக்’கின் கொலைக் காட்சியையும் ‘தேசபக்தை’யின் முதல் பத்து நிமிடங்களையும் பெயர்ப் பட்டியல் காட்டாமல் போட்டுக் காட்டினேன். இரண்டையும் தொகுத்தவர் ஒருவரே என்று சொன்னபோது வகுப்பு நம்பவில்லை. பின்வரிசையில் இருந்த மாணவி மட்டும், “முதல் படத்தில் எப்போது வெட்டுவார்கள் என்று காத்திருந்தேன் ஐயா. இரண்டாவதில் எப்போது வெட்டாமல் இருப்பார்கள் என்று காத்திருந்தேன்” என்றாள். எட்டுப் பக்கக் கட்டுரையைத் திருத்தி எழுதும்போது இந்த வாக்கியத்தை அவளிடம் கேட்டு வாங்கிக்கொள்ள வேண்டும். அவள் பெயரையும் சேர்த்து.